வெளிச்சம் எங்கிருந்து வருகிறது?

‘ஸ்வீட் ஸ்மெல் ஆஃப் சக்சஸ்’ 1957இல் வெளிவந்த படம். அதன் நியூயார்க் இரவுகள் ஈரமாக மின்னுபவை. இரவு விடுதியின் சுவர்கள்கூட எண்ணெய் பூசியதுபோலப் பளபளக்கும். உண்மையில் எண்ணெய் பூசித்தான் எடுத்தார்கள். ‘ஹட்’ 1963இல் வந்தது. அதில் டெக்சாஸ் பகல். மேகமே இல்லாத, வெளுத்துப்போன வானம் மனிதர்களின் தலைக்கு மேல் ஒரு தண்டனைபோலக் கிடக்கும். ‘செகண்ட்ஸ்’ 1966. அதில் மனித முகமே லென்சின் விளிம்பில் வளைந்து பிதுங்கும். கேமராவை நடிகரின் உடம்போடு சேர்த்துக் கட்டியிருப்பதால், அவர் நடக்கும்போது உலகம்தான் தள்ளாடும்.

இந்த மூன்றையும் அடுத்தடுத்துப் பார்க்கிறவர், மூன்று வெவ்வேறு ஒளிப்பதிவாளர்கள் எடுத்தவை என்றுதான் நினைப்பார். மூன்றும் ஒரே மனிதரின் வேலை. அவர் பெயர் ஜேம்ஸ் வாங் ஹவ். ஊமைப்படக் காலத்தில் தொடங்கி 1975 வரை நூற்றுமுப்பதுக்கும் மேற்பட்ட படங்கள். துப்பறியும் நகைச்சுவைக்கு ‘தி தின் மேன்’, வாள்சண்டைக்கு ‘தி பிரிசனர் ஆஃப் ஜெண்டா’, இசைப்படத்துக்கு ‘யாங்கி டூடுல் டான்டி’, குத்துச்சண்டைக்கு ‘பாடி அண்ட் சோல்’ என்று எந்த வகையையும் அவர் விட்டுவைக்கவில்லை. பத்து முறை ஆஸ்காருக்குப் பரிந்துரைக்கப்பட்டு இரண்டு முறை வென்றார்: ‘தி ரோஸ் டாட்டூ’வுக்கும் ‘ஹட்’டுக்கும்.

சினிமா ரசிகர்கள் ஒரு கலைஞரிடம் கையெழுத்தைத் தேடுவார்கள். பெயர் போடுமுன்பே ‘இது இன்னார் எடுத்தது’ என்று சொல்லிவிடுவதில் அவர்களுக்கு ஒரு கர்வம். ஹவ் அந்தக் கர்வத்துக்கு இடம் தருவதில்லை. கதை கேட்ட முகத்தை அவர் கொடுத்துவிடுகிறார். இதற்கு நாம் ‘பல்திறன்’ என்று மரியாதையாகப் பெயர் வைத்திருக்கிறோம். ஆனால் அந்தச் சொல்லுக்குள் இரண்டு சங்கடமான கேள்விகள் இருக்கின்றன. எந்தப் பாத்திரத்தில் ஊற்றினாலும் அதன் வடிவத்தை எடுத்துக்கொள்கிறவருக்குச் சொந்த வடிவம் என்று ஒன்று உண்டா? அவர் எதற்குப் பொறுப்பு?

புலம்பெயர்ந்தவர்களுக்கு இந்தக் கேள்விகள் அந்நியமானவை அல்ல. நம்மில் பலர் பொருந்திப்போகும் திறமையை வைத்துத்தான் பிழைக்கிறோம். நம் பிள்ளைகள் பள்ளிக்கூடத்தில் ஒரு உச்சரிப்பும், வீட்டில் ஒன்றும், வாட்ஸ்அப்பில் அம்மம்மாவோடு வேறொன்றும் பேசுகிறார்கள். ‘எங்கே விட்டாலும் பிழைத்துக்கொள்வான்’ என்பது நம் வீடுகளில் ஒரு பாராட்டு. அந்தப் பாராட்டை ஹவ்வின் வாழ்க்கையை வைத்துக் கொஞ்சம் உரசிப் பார்க்கலாம்.

*

அவர் 1899இல் தென்சீனாவில் குவாங்டொங் மாகாணத்தின் தைஷான் பகுதியில் பிறந்தார். பிறந்தபோது பெயர் வாங் டங் ஜிம். தந்தை வாங் ஹவ் அமெரிக்கா போய் ரயில்பாதையில் வேலை செய்து, பிறகு வாஷிங்டன் மாநிலத்தில் பாஸ்கோ என்ற சிற்றூரில் கடை வைத்தார். மகன் ஐந்து வயதில் அங்கே போய்ச் சேர்ந்தான்.

சீனத் தொழிலாளர்கள் உள்ளே வருவதை அமெரிக்கா 1882இல் சட்டம் போட்டுத் தடுத்திருந்தது. வணிகர்களுக்கும் அவர்கள் பிள்ளைகளுக்கும் மட்டும் கதவு ஒரு விரற்கடை திறந்திருந்தது. அப்படி உள்ளே வந்தவர்களும் எத்தனை வருடம் வாழ்ந்தாலும் குடிமக்களாக விண்ணப்பிக்க முடியாது. இந்த நிலை 1943 டிசம்பர் வரை நீடித்தது. ஹவ்வுக்கு அப்போது வயது நாற்பத்து நான்கு. அதற்குள் அமெரிக்கர்களுக்கு அமெரிக்காவைக் காட்டும் வேலையை அவர் இருபது வருடங்களாகச் செய்து முடித்திருந்தார்.

அவர் பெயரின் கதை தமிழர்களுக்கு உடனே புரியும். சீன வழக்கத்தில் குடும்பப் பெயர் முன்னால் வரும். ‘வாங்’ குடும்பப் பெயர். ‘ஹவ்’ தந்தையின் சொந்தப் பெயர். அமெரிக்கப் பள்ளிக்கூடம் கடைசியில் இருந்ததைக் குடும்பப் பெயராக எடுத்துக்கொண்டு பையனை ஜேம்ஸ் ஹவ் ஆக்கியது. அப்பா பெயர் குடும்பப் பெயராகி, விமான நிலையத்தில் ‘மிஸ்டர் முருகேசு’ என்று யாரையோ கூப்பிடுவதுபோல நம்மைக் கூப்பிடுகிறார்களே, அதே விபத்து. வேடிக்கை அதோடு முடியவில்லை. ஆரம்பத்தில் படங்களில் ஜேம்ஸ் ஹவ் என்றே பெயர் வந்தது. முப்பதுகளில் எம்ஜிஎம் நிறுவனம், கொஞ்சம் கீழைநாட்டு வாசனை இருக்கட்டும் என்று, நடுவில் ‘வாங்’கைச் சேர்த்தது. பள்ளிக்கூடம் பிடுங்கிய பெயரை விளம்பரப் பிரிவு அலங்காரமாகத் திருப்பிக் கொடுத்தது. இரண்டு முறையும் அவரை யாரும் கேட்டதாகத் தெரியவில்லை.

இளம் வயதில் குத்துச்சண்டை போட்டார். புகைப்படக்காரருக்கு எடுபிடி வேலை, ஹோட்டல் வேலை என்று அலைந்து, 1917 வாக்கில் லாஸ் ஏஞ்சல்ஸில் ஒரு ஸ்டூடியோவின் கேமரா அறையைக் கூட்டித் துடைக்கும் வேலைக்குச் சேர்ந்தார். அங்கிருந்து செசில் பி. டிமில்லின் படப்பிடிப்பில் பலகை பிடிக்கும் பையன் ஆனார். ஓய்வு நேரத்தில் நடிகர்களைப் புகைப்படம் எடுத்துக் கொடுத்துக் காசு பார்த்தார்.

அப்படி ஒரு நாள் மேரி மைல்ஸ் மின்டர் என்ற நட்சத்திரத்தைப் படம் எடுத்தார். அவருடைய கண்கள் வெளிர் நீலம். அந்தக் காலப் படச்சுருளுக்கு நீலம் வெள்ளையாகத்தான் தெரியும். திரையில் அவர் குருடிபோலத் தோன்றுவார் என்ற கவலை எல்லோருக்கும் இருந்தது. ஹவ் எடுத்த படத்தில் கண்கள் கருமையாக விழுந்திருந்தன. என் சினிமாப் படத்திலும் இப்படிச் செய்யமுடியுமா என்று நடிகை கேட்டார். முடியும் என்று சொல்லிவிட்டு, ஏன் அப்படி விழுந்தது என்று பிறகுதான் ஆராய்ந்தார். அவர் பார்த்துக்கொண்டிருந்த திசையில் ஏதோ கறுப்பாக இருந்திருக்கிறது. அது கண்ணில் பிரதிபலித்திருக்கிறது. ஒரு சட்டத்தில் கறுப்பு வெல்வெட்டை இழுத்துக் கட்டி, லென்சுக்கு மட்டும் ஓட்டை விட்டு, அதன் வழியாகப் படம் எடுத்தார். நீலக் கண்கள் கறுத்தன. ஹாலிவுட்டில் கதை கிளம்பியது: மின்டர் சீனாவிலிருந்து ஒரு கேமராக்காரனை வரவழைத்திருக்கிறார், அவன் வெல்வெட்டுக்குப் பின்னால் ஒளிந்துகொண்டு படம் எடுக்கிறான் என்று. அதன்பிறகு நீலக்கண் நடிகைகள் அவரைத் தேடி வந்தார்கள்.

அந்த வதந்தியைச் சொன்னவர்கள் அறியாமல் ஒரு நல்ல சித்திரத்தைத் தந்துவிட்டார்கள். திரைக்குப் பின்னால் நிற்கும் ஒருவர். அவர் தெரியமாட்டார். எதிரில் இருப்பவரின் கண்களில் மட்டும் அவர் செய்தது தெரியும்.

*

ஆங்கிலத்தில் இந்தத் தொழிலின் பெயருக்கு அசைவை எழுதுகிறவர் என்று பொருள். தமிழில் நாம் ‘ஒளிப்பதிவாளர்’ என்கிறோம். ஹவ்வுக்குத் தமிழ்ப் பெயரே பொருத்தம் என்பேன். அவருடைய படங்களைப் பார்க்கப் பார்க்க ஒன்று தெளிவாகிறது: இவருக்குப் பாணி கிடையாது, ஆனால் ஒரு விதி உண்டு. வெளிச்சத்துக்குக் காரணம் இருக்கவேண்டும். ஒரு அறையில் முகம் தெரிகிறது என்றால் அந்த வெளிச்சம் எங்கிருந்து வந்தது? ஜன்னலா, மேஜை விளக்கா, தீக்குச்சியா?

இன்று இது சாதாரணமாகத் தோன்றலாம். ஸ்டூடியோக்களின் பொற்காலத்தில் நட்சத்திரத்தின் முகத்துக்கு எங்கிருந்தாவது ஒரு வெளிச்சம் வந்தே தீரும். நள்ளிரவில், மின்சாரம் இல்லாத குடிசையிலும் கதாநாயகியின் கன்னம் ஜொலிக்கும். ஹவ் அந்தக் காலத்திலேயே இருட்டை இருட்டாக விட்டவர். தன் கடைசிப் படங்களில் ஒன்றான ‘தி மாலி மகுவயர்ஸ்’ (1970) வரை அதை விடவில்லை. பென்சில்வேனியாவில் பத்தொன்பதாம் நூற்றாண்டு நிலக்கரிச் சுரங்கத் தொழிலாளர்களைப் பற்றிய கதை. தொடக்கத்தில் வெகுநேரம் வசனமே இல்லை. சுரங்கத்துக்குள் தொழிலாளியின் தொப்பியில் எரியும் சிறு சுடர்தான் வெளிச்சம் என்று நம்பவைக்கிறார். அப்போது அவருக்கு எழுபது வயது.

மற்றப் படங்களையும் இந்த விதியோடு வைத்துப் பாருங்கள். ‘ஸ்வீட் ஸ்மெல்’ படத்தில் பர்ட் லங்காஸ்டர் பத்திரிகை உலகின் சர்வாதிகாரி. ஹவ் அவர் தலைக்கு மேலிருந்து விளக்கு வைத்தார். மூக்குக்கண்ணாடியின் சட்டம் கண்ணுக்குக் கீழே நிழலாக விழுந்து முகத்தை மண்டை ஓடாக்கியது. கண்ணாடிச் சில்லில் மெல்லிசாக வாசலின் தடவினார்கள். லங்காஸ்டரால் எதையும் கூர்ந்து பார்க்க முடியவில்லை. அந்தப் பார்வையின் வெறுமை நமக்கு அச்சம் தருகிறது. ‘பாடி அண்ட் சோல்’ (1947) படத்துக்காகக் கையில் சிறிய கேமராவோடு, காலில் ரோலர் ஸ்கேட் மாட்டிக்கொண்டு குத்துச்சண்டை மேடைக்குள் இறங்கினார். அடி வாங்குகிறவனுக்கு உலகம் எப்படித் தெரியும் என்று மேடையில் நின்று அடி வாங்கியவருக்குத் தெரியும். ‘ஹட்’டில் வடிகட்டிகளைப் போட்டு மேகங்களை வானத்திலிருந்து துடைத்தார். மேகம் அழகு, அந்தக் கதையின் மனிதர்களுக்கு அந்த அழகு உரியதல்ல என்று முடிவு செய்தார்.

ஆக, முதல் கேள்விக்கு ஒரு பதில் கிடைக்கிறது. வடிவம் மாறுகிறவருக்கும் சுயம் இருக்கலாம். அது தோற்றத்தில் இல்லாமல் அளவுகோலில் இருக்கும். ஹவ் ஒவ்வொரு படத்திலும் ஒரே கேள்வியைக் கேட்டார். இடம் மாறியதால் பதில் மாறியது. மருத்துவர் ஒவ்வொரு நோயாளிக்கும் வேறு மருந்து எழுதுகிறார் என்பதற்காக அவருக்குக் கொள்கை இல்லை என்று நாம் சொல்வதில்லை. எல்லோருக்கும் ஒரே மருந்து எழுதினால்தான் சந்தேகப்படுவோம். தமிழில் இயற்கை ஒளியை இதேபோல ஒரு நெறியாகப் பிடித்துக்கொண்டவர் மட்டக்களப்பில் பிறந்து இந்தியாவுக்குப் போன பாலு மகேந்திரா. ஆனால் அவருடைய ஒரு காட்சியைப் பார்த்தால் அவர்தான் என்று தெரிந்துவிடும்; தன் கதைகளைத் தானே தேர்ந்து இயக்கினார். ஹவ்வுக்கு அந்த வசதி பெரும்பாலும் கிடைக்கவில்லை. அடுத்தவர்களின் கதைகளுக்குள் தன் விதியைக் கடத்திக்கொண்டு போகவேண்டியிருந்தது.

*

பல்திறன் அவர் தேர்ந்துகொண்டதா, அவர்மேல் விழுந்ததா என்றும் கேட்கவேண்டும். வெள்ளைக்காரக் கலைஞர் ‘எனக்கு இது வராது, வேறு ஆளைப் பாருங்கள்’ என்று சொன்னால் அது குணாதிசயம். சீனாக்காரர் சொன்னால் அது குறைபாடு. எதையும் செய்யத் தெரிந்தால்தான் எதையாவது செய்ய விடுவார்கள்.

அவரைப் பற்றி ஒரு கதை சொல்வார்கள். வட ஹாலிவுட்டில் அவருக்கு ஒரு சீன உணவகம் இருந்தது. அதைப் படம் எடுக்க ஒரு புகைப்படக்காரர் வந்தார். சரியான கோணத்துக்காகப் பின்னால் நகர்ந்து நகர்ந்து தெருப் போக்குவரத்துக்குள் போய்விடுவார் போலிருந்தது. ஹவ் அருகில் போய், அகன்ற கோண லென்ஸ் போட்டால் இங்கிருந்தே எடுக்கலாமே என்றாராம். நீ உன் நூடுல்ஸைப் பார், படத்தை நான் பார்த்துக்கொள்கிறேன் என்று பதில் வந்ததாம். ‘டிரான்ஸ்அட்லான்டிக்’ (1931) படத்தில் அகன்ற லென்சும் ஆழமான குவியமும் வைத்து, ‘சிட்டிசன் கேன்’ வருவதற்குப் பத்து வருடம் முன்பே கப்பலின் அறைகளைக் கூரையோடு காட்டியவர் அவர். கதை கொஞ்சம் மெருகேற்றப்பட்டிருக்கலாம். ஆனால் அதை நம்ப நமக்கு ஒரு சிரமமும் இல்லை.

எழுத்தாளர் சனோரா பாப்பை அவர் 1937இல் பாரிஸில் மணந்தார். கலிஃபோர்னியாவில் வெள்ளையர் ஒருவரும் சீனர் ஒருவரும் மணப்பது சட்டப்படி செல்லாது. ஒரே கட்டிடத்தில் தனித்தனிக் குடியிருப்புகளில் வாழ்ந்தார்கள். மாநில உச்ச நீதிமன்றம் 1948இல் அந்தத் தடையை நீக்கியபின், 1949இல் கலிஃபோர்னியாவிலேயே மறுபடி மணந்துகொண்டார்கள். பன்னிரண்டு வருடங்கள் தன் திருமணத்தையே அவர் பொதுவெளியில் இருட்டில் வைத்திருக்க நேர்ந்தது. பாப் இடதுசாரி. கம்யூனிஸ்ட் வேட்டை நடந்த காலத்தில், தன்னால் கணவரின் தொழில் கெடக்கூடாது என்று கொஞ்சகாலம் மெக்சிகோ போய் இருந்தார். கருத்து சொல்வதற்கு என்ன விலை என்று அந்த வீட்டில் இருவருக்கும் தெரியும்.

இதையெல்லாம் மனதில் வைத்துக்கொண்டுதான் இரண்டாவது கேள்விக்குப் போகவேண்டும். அது முதலாவதைவிடக் கடினம்.

*

1943ஆம் ஆண்டுப் படங்களுக்கான ஆஸ்கார் பரிந்துரைப் பட்டியலில் ஹவ்வின் பெயர் இரண்டு முறை இருக்கிறது. ஒன்று ஹோவர்ட் ஹாக்ஸ் இயக்கிய ‘ஏர் ஃபோர்ஸ்’. ஒளிப்பதிவில் வேறு இருவரும் பங்காளிகள். மற்றது லூயிஸ் மைல்ஸ்டோன் இயக்கி லிலியன் ஹெல்மன் எழுதிய ‘தி நார்த் ஸ்டார்’.

‘ஏர் ஃபோர்ஸ்’ ஒரு குண்டுவீச்சு விமானத்தின் கதை. 1941 டிசம்பர் 6 அன்று கலிஃபோர்னியாவிலிருந்து கிளம்பி, மறுநாள் பேர்ள் துறைமுகம் எரிந்துகொண்டிருக்கும்போது ஹவாய் போய்ச் சேர்கிறது. விமானத்தின் உள்ளே மங்கிய வெளிச்சத்தில் வீரர்களின் முகங்கள் தெரிகின்றன, உயிருள்ள முகங்கள். அந்தப் படத்தில் இன்னொன்றும் உண்டு. ஹவாயில் வாழ்ந்த ஜப்பானியர்கள் உள்ளிருந்தே சதி செய்தார்கள், லாரிகளை ஓட்டிவந்து நின்றிருந்த விமானங்களை நொறுக்கினார்கள் என்று படம் சொல்கிறது. அப்படி ஒன்று நடக்கவே இல்லை. படம் திரைக்கு வந்தபோது, 1942 பிப்ரவரியில் பிறந்த ஜனாதிபதி ஆணையின்படி ஏறத்தாழ 1,20,000 ஜப்பானிய வம்சாவளியினர் வீடும் கடையும் விட்டு முகாம்களில் முள்வேலிக்குள் இருந்தார்கள். அவர்களில் பெரும்பாலோர் அமெரிக்க மண்ணில் பிறந்த குடிமக்கள்.

அதே காலத்தில் ஹவ் வெளியே போகும்போது சட்டையில் ஒரு வில்லை குத்திக்கொண்டு போனார். ‘நான் சீனன்’ என்று அதில் எழுதியிருக்கும். ஜப்பானியர் என்று நினைத்து யாரும் அடித்துவிடக்கூடாது என்பதற்காக. நான் ஹவ்வைப் பற்றி வாசித்தவற்றில் என்னை அதிகம் தொந்தரவு செய்வது இதுதான். வில்லை குத்திய சட்டையோடு வேலைக்குப் போகும் ஒருவர். அவர் வெளிச்சம் கொடுக்கும் படம், அந்த வில்லை தேவைப்படும் பயத்தை நாட்டில் இன்னும் கொஞ்சம் கூட்டுகிறது.

‘தி நார்த் ஸ்டார்’ கதை வேறு விதம். ஜெர்மானியப் படை நுழைந்த ஒரு சோவியத் கிராமம். அன்று சோவியத் யூனியன் அமெரிக்காவின் கூட்டாளி. போர் முடிந்து காற்று திசைமாறியதும், நாடாளுமன்ற விசாரணைக் குழு 1947இல் இந்தப் படத்தைக் கம்யூனிஸ்ட் பிரச்சாரத்துக்கு உதாரணம் காட்டியது. 1957இல் அதே படத்தை வெட்டி ஒட்டி, சோவியத் மீதான அனுதாபத்தைக் கத்தரித்து, ‘ஆர்மர்டு அட்டாக்’ என்ற புதுப் பெயரில் கம்யூனிஸ்ட் எதிர்ப்புப் படமாக வெளியிட்டார்கள். ஹவ் வைத்த விளக்குகள் அப்படியே இருந்தன. முகங்களும் கோதுமை வயலும் அப்படியே இருந்தன. அவற்றுக்குச் சொல்லப்பட்ட பொருள் தலைகீழானது.

ஒளிக்குத் தன்னளவில் ஒரு கட்சியும் கிடையாது என்று இதிலிருந்து ஒருவர் முடிவு செய்யலாம். கருவி நிரபராதி, பயன்படுத்துகிறவன்தான் குற்றவாளி என்ற பழைய வாதம். எனக்கு இந்த வாதம் அன்றாடம் காதில் விழுவது. கணினித் துறையில் ஆலோசகனாக இருக்கிறேன். ஒரு வருடம் வங்கி, அடுத்த வருடம் மருத்துவமனை, அதன்பின் காப்பீடு. போன இடத்தின் மொழியைப் பத்து நாளில் பேசக் கற்றுக்கொள்வதுதான் எங்கள் மூலதனம். ஒரு மென்பொருள் நோயாளிகளின் கோரிக்கைகளை ஆராய்வதற்காகவா, இல்லை மரியாதையாக நிராகரிப்பதற்காகவா என்ற கேள்வி எழுந்தால், அது வணிகப் பிரிவின் முடிவு என்று அறையில் யாராவது சொல்வார்கள். எல்லோரும் தலையசைப்போம். தரமாகச் செய்து கொடுத்தோமா என்பதே எங்கள் கேள்வி.

ஹவ்வுக்காக வாதாட நல்ல காரணங்கள் இருக்கின்றன. ஒவ்வொன்றாக எடுத்துப் பார்க்கிறேன்.

முதலாவது, போர்க்காலம். ஜப்பானிய ராணுவம் அப்போது அவர் பிறந்த சீனாவின் பெரும்பகுதியை நாசம் செய்துகொண்டிருந்தது. அந்தப் போரில் அவருக்கு ஒரு பக்கம் இருந்ததில் அநியாயம் இல்லை. ஒப்புக்கொள்கிறேன். ஆனால் டோக்கியோவின் தளபதிகள் செய்ததற்கும் ஹவாயில் காய்கறி விற்றவருக்கும் சம்பந்தம் இல்லை. இரண்டையும் ஒன்றாகக் காட்டியதுதான் படத்தின் பொய்.

இரண்டாவது, ஒளிப்பதிவாளர் கதை எழுதுவதில்லை. இதுவும் உண்மை. எழுதியவர், இயக்கியவர், பணம் போட்டவர் ஆகியோருக்கு அடுத்துத்தான் அவர் வருவார். பொறுப்பு பங்காகப் பிரியும். ஆனால் பிரிப்பதால் யாருடைய பங்கும் பூஜ்யம் ஆகிவிடாது. அதோடு ஒரு முரண் இருக்கிறது. ஒரு பொய்க் காட்சியை மோசமாக ஒளியமைத்தால் யாரும் நம்பமாட்டார்கள். வெளிச்சத்துக்குக் காரணம் வேண்டும் என்று பிடிவாதம் பிடிக்கிறவர் கைபட்டால்தான் அது நடந்ததுபோலவே இருக்கும். கைத்திறனின் நேர்மை கதையின் பொய்க்குச் சாட்சி சொல்லிவிடுகிறது. ஆகவே திறமை கூடக்கூடப் பங்கும் கூடுகிறது என்றுதான் நினைக்கிறேன்.

மூன்றாவது காரணத்தின் முன் நான் தயங்கி நிற்கிறேன். அவரால் மறுத்திருக்க முடியுமா? குடியுரிமை இல்லை, கேட்கவும் உரிமை இல்லை. திருமணம் சட்டத்தின் கண்ணில் இல்லை. மனைவி இடதுசாரி. தெருவில் பாதுகாப்பு சட்டையில் குத்திய ஒரு வில்லை. இந்த நிலையில் உள்ள ஒருவர், ராணுவ ஒத்துழைப்போடு தயாராகும் தேசபக்திப் படத்தில் ‘இந்தக் காட்சி உண்மையில்லை’ என்று கை தூக்கவேண்டும் என்று எண்பது வருடம் கழித்து வசதியான நாற்காலியில் உட்கார்ந்து எதிர்பார்ப்பது அறமாகாது. செயலைத் தவறு என்று சொல்லலாம். மனிதரைக் கண்டிக்கும் தகுதி எளிதில் கிடைப்பதல்ல. இந்த வேறுபாட்டை நாம் அடிக்கடி மறக்கிறோம். கண்டிக்க மனமில்லாதபோது செயலையே சரியென்று சொல்லிவிடுகிறோம்.

*

தன் கையில் தேர்வு இருந்தபோது அவர் எதைத் தேர்ந்தார் என்று பார்ப்பது உதவும். லாவோ ஷ எழுதிய நாவலொன்று, பீகிங்கில் ரிக்‌ஷா இழுக்கும் ஒரு ஏழையின் கதை, ஆங்கிலத்தில் ‘ரிக்‌ஷா பாய்’ என்று வந்தது. அதைப் படமாக்க ஆசைப்பட்டு ஹவ் 1948இல் சீனா போனார். சீன மண்ணில், சீனர்களைப் பற்றி, தானே செய்யும் படம். உள்நாட்டுப் போரும் ஆட்சிமாற்றமும் வந்தன, படம் நடக்கவில்லை. 1954இல் ‘கோ, மேன், கோ!’ என்ற படத்தை அவரே இயக்கினார். ஹார்லம் குளோப்டிராட்டர்ஸ் என்ற கறுப்பினக் கூடைப்பந்து அணி, தங்களைச் சமமாக ஏற்காத ஒரு விளையாட்டு உலகத்தில் இடம் பிடிக்கும் கதை. சிட்னி பாய்ட்டியர் அதில் நடித்திருக்கிறார்.

ஒன்று நடக்காத படம், மற்றது பெரிதாகப் பேசப்படாத படம். ஆனால் இரண்டையும் அருகருகே வைத்தால் ஒரு மனிதர் தெரிகிறார். திரைக்குப் பின்னால் நின்றவருக்குச் சொல்ல ஏதோ இருந்திருக்கிறது. ஐம்பது வருடங்கள் மற்றவர்களின் கண்களைக் கருமையாக்கிக் கொடுத்தவருக்கு, தன் கண்ணால் பார்த்ததைச் சொல்ல வாய்ப்பு ஓரிரண்டு முறைதான் வந்தது. அவருடைய பல்திறனை நாம் பாராட்டும்போது இந்தக் கணக்கையும் சேர்த்துக்கொள்ளவேண்டும். அது பெரும் சாதனை. அதற்குள் ஒரு பெரும் விரயமும் இருக்கிறது.

பொருந்திப்போவதில் இரண்டு வகை உண்டு. ஒன்று வடிவத்தில் வளைவது. உச்சரிப்பு, உடை, லென்ஸ், மென்பொருள். இதில் இழிவு ஒன்றும் இல்லை; உள்ளே ஒரு விதி இருந்தால் அது கலையாகவே ஆகும். ஹவ் அதற்குச் சாட்சி. மற்றது தீர்ப்பில் வளைவது. எது உண்மை, யாருக்கு இதனால் அடி விழும் என்று கேட்பதையே விட்டுவிடுவது. முதலாவதில் தேர்ந்தவர்களுக்கு இரண்டாவது மிக இயல்பாக வந்துவிடும், ஏனென்றால் இரண்டும் வெளியிலிருந்து பார்க்க ஒரே பணிவுபோலத் தெரியும். நம் வீடுகளில் ‘எங்கே விட்டாலும் பிழைத்துக்கொள்வான்’ என்று பாராட்டும்போது எந்த வளைவைப் பாராட்டுகிறோம் என்று நாம் பிரித்துச் சொல்வதில்லை.

ஹவ் 1976இல் இறந்தார். அவருக்கு நாற்பத்து நான்கு வயதுவரை கிடைக்காத பத்திரம் இதை வாசிக்கும் பலரின் மேசை இழுப்பறையில் இருக்கிறது. நம் பிள்ளைகளுக்கோ அது பிறப்போடு வந்தது. மூன்றாவது காரணத்தின் முன் நான் தயங்கியது அவருக்காக. அந்தத் தயக்கத்தை நாம் நமக்குக் கடன் வாங்கிக்கொள்ள முடியாது. வேலை போகும் பயம் நமக்கும் உண்டு, விசா எண்ணும் நண்பர்கள் இன்னமும் உண்டு. ஆனால் வில்லை குத்திக்கொண்டு தெருவில் இறங்கும் நிலையில் நம்மில் மிகச் சிலரே இருக்கிறோம். அவர் ஒவ்வொரு அறைக்குள்ளும் நுழைந்து முதலில் கேட்ட கேள்வி எளிமையானது: இந்த வெளிச்சம் எங்கிருந்து வருகிறது? நாம் வேலை செய்யும் அறைகளில் அதை இன்னும் கொஞ்சம் நீட்டிக் கேட்கலாம். இதற்கு யார் காசு கொடுக்கிறார்கள், இது யார்மேல் விழுகிறது, யாரை இருட்டில் விடுகிறது? கேட்டால் கூட்டம் ஐந்து நிமிடம் நீளும். சிலர் கடிகாரத்தைப் பார்ப்பார்கள்.